அழகாகத் தெரியும் அழிவு: ஜெனிஃபர் பைச்வாலின் கேமரா ஏன் இவ்வளவு மெதுவாக நகர்கிறது

2006-இல் வந்த 'மேனுஃபேக்சர்டு லேண்ட்ஸ்கேப்ஸ்' என்ற கனடிய ஆவணப்படம், நடுவில் வெட்டே இல்லாமல் கிட்டத்தட்ட எட்டு நிமிடம் ஓடும் ஒரு ஷாட்டோடு தொடங்குகிறது. இடம் சீனாவின் சியாமென் நகரம். இஸ்திரிப் பெட்டி, காபி மேக்கர் மாதிரியான வீட்டுச் சாமான்கள் செய்யும் ஒரு தொழிற்சாலை. கேமரா பக்கவாட்டில் நகர்ந்துகொண்டே போகிறது, அவ்வளவுதான். ஒரு வரிசை மேஜை, மஞ்சள் சீருடையில் ஆட்கள், நடுவே நடைபாதை, அடுத்த வரிசை, மறுபடி ஆட்கள். விளக்கம் சொல்லும் குரல் எதுவும் கிடையாது. முதல் நிமிடத்தில் பெரிய தொழிற்சாலை என்பது மட்டும் மனதில் பதிகிறது. மூன்றாவது நிமிடத்தில் எப்போதுதான் முடியும் என்று பொறுமை போகிறது. அதற்கப்புறம்தான் விஷயமே இருக்கிறது. இது இப்போதைக்கு முடியாது என்று புரிந்ததும் கண் வேறு வேலை பார்க்க ஆரம்பிக்கிறது: எந்த மேஜையில் யார் இருக்கிறார், அவர் கை என்ன செய்கிறது, யார் நிமிர்ந்து நம்மைப் பார்க்கிறார். நாம் கையில் எடுக்கும் ஒரு சாதாரணப் பொருளுக்குப் பின்னால் எவ்வளவு பெரிய இடம், எத்தனை பேர் என்பதை ஒரு எண்ணாகத் திரையில் போட்டிருந்தால் அடுத்த காட்சியிலேயே மறந்திருப்போம். இங்கே அந்தத் தூரத்தை முழுசாகக் கடந்து வந்த களைப்பு பார்க்கிறவருக்கே வந்துவிடுகிறது.

இதை இயக்கியவர் ஜெனிஃபர் பைச்வால். மான்ட்ரியலில் பிறந்தவர், மெக்கில் பல்கலைக்கழகத்தில் தத்துவமும் இறையியலும் படித்தவர். சுற்றுச்சூழல் படம் எடுப்பவராக அவர் ஆரம்பிக்கவில்லை. முதல் முழுநீளப் படம் 1998-இல், பால் போல்ஸ் என்ற எழுத்தாளரைப் பற்றி. 2000-இல் வந்த படம், தன் அப்பாவின் சாம்பலைக் குடும்பத்தோடு கங்கை தொடங்கும் இடத்துக்குக் கொண்டுபோனதைப் பற்றி. அடுத்தது அமெரிக்காவின் அப்பலாச்சிய மலைவாழ் ஏழைகளைப் படமெடுத்த ஷெல்பி லீ ஆடம்ஸ் என்ற புகைப்படக்காரரைப் பற்றி. அந்தப் படத்தின் கேள்வியே, அடுத்தவர் வறுமையைப் படமாக்க நமக்கு என்ன உரிமை, அந்தப் படத்தைப் பார்க்கிறவர் என்ன ஆகிறார் என்பதுதான். இந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டுதான் அவர் நிலத்தின் பக்கம் வந்தார். பின்னால் அவர் எடுத்த எல்லாவற்றையும் புரிந்துகொள்ள இதை நினைவில் வைத்திருப்பது நல்லது.

அவரை நிலத்தின் பக்கம் திருப்பியவர் எட்வர்ட் பர்டின்ஸ்கி, கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தைச் சேர்ந்த புகைப்படக்காரர். கல் குவாரி, சுரங்கக் கழிவு, எண்ணெய் வயல், கப்பல் உடைக்கும் கரை என்று மனிதன் தோண்டியும் கொட்டியும் உருமாற்றிய இடங்களைப் பெரிய கேமராவில் எடுத்து, ஒரு சுவரையே நிறைக்கும் அளவுக்கு அச்சடித்துக் காட்சிக்கு வைப்பவர். அவருடைய படங்களில் ஒரு சிக்கல் உண்டு, அவை மிக மிக அழகாக இருக்கும். நிக்கல் சுரங்கக் கழிவோடு ஆரஞ்சு நிறத்தில் ஓடும் ஓடையைப் பார்த்தால் யாரோ பெரிய ஓவியர் தீட்டியது போல இருக்கும். வரவேற்பறையில் மாட்டி வைக்கத் தோன்றும், மாட்டி வைத்தவர்களும் இருக்கிறார்கள். அப்படியானால் இது அழிவைக் கண்டிக்கிறதா, கொண்டாடுகிறதா? பர்டின்ஸ்கி இரண்டில் எதையும் சொல்வதில்லை, பார்க்கிறவர் முடிவு செய்துகொள்ளட்டும் என்று விட்டுவிடுகிறார்.

இந்தக் கேள்வி புதிதல்ல. 1991-இல் வளைகுடாப் போரின்போது குவைத்தில் 600-க்கு மேற்பட்ட எண்ணெய்க் கிணறுகள் கொளுத்தப்பட்டு, கடைசிக் கிணற்றை அணைக்க நவம்பர் வரை ஆனது. ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் அங்கே போய் எடுத்த 'லெசன்ஸ் ஆஃப் டார்க்னெஸ்' 1992-இல் பெர்லின் விழாவில் திரையிடப்பட்டபோது அரங்கிலேயே கூச்சல் போட்டார்கள். கொடுமையை அழகுபடுத்திவிட்டார் என்பது குற்றச்சாட்டு. எந்த நாடு, எந்தப் போர் என்றுகூடப் படம் சொல்லாது, வேற்றுக் கிரகத்தைப் பார்ப்பவரின் குரலில் நகரும். அந்தக் கோபத்தில் நியாயம் இருந்தது. ஆனால் அதே தீயைச் செய்திகளில் மாதக்கணக்கில் பார்த்தவர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை, இந்தப் படம்தான் மனதில் தங்கியது என்பதும் உண்மை. அப்போதிலிருந்து இந்த வகைப் படம் எடுக்கிற எல்லோர் முன்னாலும் இரண்டு பள்ளம் இருக்கிறது. அழகாக எடுத்தால் வலி தெரியாது. அசிங்கமாக எடுத்தால் ஆளே பார்க்கமாட்டார்கள்.

பைச்வால் இதற்குக் கண்ட வழி நேரம். இதைத்தான் நான் அவருடைய படங்களில் முக்கியமாக நினைக்கிறேன். அழகை அவர் தவிர்ப்பதில்லை. அந்த அழகுக்கு முன்னால் நம்மைப் போதுமான நேரம் நிறுத்தி வைக்கிறார். புகைப்படத்தின் முன்னால் எவ்வளவு நேரம் நிற்பது என்பதை நாமே முடிவு செய்கிறோம், ஐந்து நொடியில் அடுத்ததுக்குப் போய்விடலாம். சினிமாவில் அந்த முடிவு நம் கையில் இல்லை. முதல் வியப்பு அடங்கும்வரை அவர் ஷாட்டை வெட்டுவதில்லை, அடங்கிய பிறகு நாம் பார்ப்பது வேறொன்றாக இருக்கிறது. சியாமென் காட்சி முடிந்து பர்டின்ஸ்கி அதே இடத்தில் எடுத்த புகைப்படம் திரையில் வரும்போது அது வெறும் மஞ்சள் கோலமாகத் தெரிவதில்லை. அதற்குள் எட்டு நிமிடம் அந்த ஆட்களைக் கடந்து வந்துவிட்டோம்.

படத்தின் இன்னொரு இடத்தில் ஒரு பெண் சிறிய மின்சாரப் பாகம் ஒன்றைக் கோத்துக் காட்டுகிறார். விரல்கள் பறக்கின்றன. கம்பி, ஸ்பிரிங், மூடி, ஒரு தட்டு, முடிந்தது, அடுத்தது. கேமரா அவர் கையை விட்டு அகலுவதில்லை. பரந்த தொழிற்சாலைத் தளத்தின் பிரம்மாண்டமும் இந்த விரல்களின் வேகமும் ஒரே படத்தில் இருப்பதால்தான் இரண்டுமே புரிகிறது. ஒன்றை மட்டும் காட்டியிருந்தால் ஒன்று வெறும் காட்சி, மற்றது வெறும் பரிதாபம் என்று போயிருக்கும்.

அப்புறம் தியான்ஜின் நிலக்கரித் துறைமுகக் காட்சி. என்னைக் கேட்டால் சுற்றுச்சூழல் ஆவணப்படங்களிலேயே மிக நேர்மையான காட்சிகளில் அதுவும் ஒன்று. மலை மலையாக நிலக்கரி குவிந்து கிடக்கிறது. படம் எடுக்க அதிகாரிகள் தயங்குகிறார்கள், இதைப் போய் எதற்கு எடுக்கிறீர்கள் என்கிறார்கள். குழுவோடு வந்தவர் பர்டின்ஸ்கியின் புத்தகத்தைக் காட்டி, அவர் கேமரா வழியாகப் பார்த்தால் இது அழகாக இருக்கும் என்று பேசிப் பேசி அனுமதி வாங்குகிறார். அதாவது உள்ளே நுழைய உதவுவதே அந்த அழகுதான். ஒரு சுரங்கத்துக்குள், ஒரு உருக்காலைக்குள் யார் கேமராவோடு வரலாம் என்பதை அதை நடத்துபவர்தான் தீர்மானிக்கிறார். கண்டனம் செய்ய வருகிறேன் என்று சொல்லி யாரும் உள்ளே போக முடியாது. கையிலுள்ள அழகான படங்களைக் காட்டிப் போகலாம். இந்தப் பேரத்தை மறைக்காமல் படத்திலேயே வைத்திருக்கிறார் பைச்வால். இதே படத்தின் ஒளிப்பதிவாளர் பீட்டர் மெட்லர், பின்னர் 2009-இல் ஆல்பர்ட்டாவின் எண்ணெய் மணல் சுரங்கங்களைப் பற்றி 'பெட்ரோபொலிஸ்' என்று ஒரு படம் எடுத்தார். 43 நிமிடம், ஹெலிகாப்டரிலிருந்து கீழே பார்ப்பது மட்டும்தான். வானத்திலிருந்து எடுத்தால் யாரையும் கெஞ்ச வேண்டாம். ஆனால் ஒரு முகம்கூடத் தெரியாது.

உயரத்திலிருந்து எடுப்பதைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இன்று ட்ரோன் வைத்திருக்கிற எல்லோரும் இதைச் செய்கிறார்கள். மேலேயிருந்து பார்த்தால் எந்த இடமும் கோலமாகிவிடும். அளவு தெரியாது. ஓடும் தண்ணீர் ஓடையா வெள்ளமா, புள்ளியாகத் தெரிவது பூச்சியா லாரியா என்று புரியாது. பைச்வாலும் பர்டின்ஸ்கியும் சேர்ந்து இயக்கிய 'வாட்டர்மார்க்' (2013) இந்தக் குழப்பத்தையே கருவியாக்குகிறது. மஞ்சள் நதியில் சியாவோலாங்டி அணையிலிருந்து வண்டலை வெளியேற்றும் காட்சிதான் ஆரம்பம். திரை முழுக்கப் பழுப்பு நீர் புரண்டு கொப்பளிக்கிறது, பக்கத்தில் ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் இல்லை. மஞ்சள் நதி உலகிலேயே மிக அதிக வண்டல் சுமக்கும் ஆறுகளில் ஒன்று. அணையில் தங்கும் மண்ணை அடித்து வெளியே தள்ளுவதற்காக 2002 முதல் இப்படிக் கிட்டத்தட்ட ஆண்டுதோறும் திறந்துவிடுகிறார்கள். அந்த இரைச்சலுக்குப் பின் படம் போகுமிடம் கொலராடோ நதியின் கழிமுகம், மெக்சிகோவில். அங்கே தண்ணீர் இல்லை, வெடித்த மண்தான். வழியிலுள்ள நகரங்களும் வயல்களும் எல்லாவற்றையும் எடுத்துக்கொள்வதால் 1960-களிலிருந்து அந்த ஆறு பெரும்பாலான ஆண்டுகளில் கடலைத் தொடுவதேயில்லை. ஒரு ஆறு அணைக்குள் அடைபட்டுச் சீறுகிறது, இன்னொன்று கரைக்கு வரும் முன்னாலேயே காணாமல் போகிறது. இரண்டையும் அடுத்தடுத்து வைத்ததிலேயே படம் சொல்ல வந்தது பாதி வந்துவிடுகிறது.

'ஆந்த்ரோபொசீன்: தி ஹியூமன் இபோக்' (2018) இந்த முறையின் உச்சம். பைச்வால், பர்டின்ஸ்கி, ஒளிப்பதிவாளரும் பைச்வாலின் கணவருமான நிக்கோலஸ் டி பென்சியர் மூவரும் சேர்ந்து 6 கண்டங்களில் 20 நாடுகளில் எடுத்தது. மனிதன் பூமியை மாற்றிய அளவு புவியியல் காலக்கணக்கிலேயே பதியும் அளவுக்குப் போய்விட்டது என்ற கருத்துதான் அடிப்படை. வளிமண்டல வேதியியலாளர் பால் க்ருட்சனும் ஏரி ஆய்வாளர் யூஜின் ஸ்டோர்மரும் 2000-இல் முன்வைத்த கருத்து இது. 2009-இல் இதை ஆராய விஞ்ஞானிகள் குழு அமைந்தது. 1950-களில் அணுகுண்டுச் சோதனைகளிலிருந்து உலகெங்கும் படிந்த புளூட்டோனியத்தை எல்லைக்கோடாக வைக்கலாம் என்றார்கள். 2023-இல் அதற்கு அடையாள இடமாக ஒன்டாரியோவின் க்ராஃபோர்ட் ஏரியின் அடிமண்ணைத் தேர்ந்தெடுத்தார்கள். 2024 மார்ச்சில் புவியியலாளர்களின் அதிகாரப்பூர்வ அமைப்பு அந்த முன்மொழிவை நிராகரித்துவிட்டது. மனிதத் தாக்கம் பொய் என்பதால் நிராகரிக்கவில்லை. விவசாயம், காடழிப்பு என்று பல ஆயிரம் ஆண்டுகளாக நடந்துவரும் ஒன்றுக்கு 1950-களில் ஒரு கோடு போட முடியுமா என்பதுதான் எதிர்த்தவர்கள் சொன்ன முக்கியமான காரணம். படத்தை இன்று பார்ப்பவர்கள் இதைத் தெரிந்து வைத்துக்கொள்ளலாம். அது அதிகாரப்பூர்வமாக ஏற்கப்பட்ட ஒரு புவியியல் யுகத்தைப் பற்றிய படம் இல்லை. ஆனால் அந்தக் கோடு எங்கே விழுந்தாலும் படத்தில் இருக்கும் குழிகள் அங்கேயேதான் இருக்கின்றன.

எத்தனை குழிகள்! ஜெர்மனியின் ஹாம்பாக் திறந்தவெளிச் சுரங்கத்தில் பழுப்பு நிலக்கரி தோண்டும் சக்கர எந்திரம் ஒன்று 96 மீட்டர் உயரம், 14,200 டன் எடை. இத்தாலியின் கராராவில் மலையையே பலகை பலகையாக அறுத்தெடுக்கிறார்கள். மைக்கேலேஞ்சலோவின் சிலைகளுக்குக் கல் போன அதே மலை, இன்று அங்கிருந்து போவதில் பெரும்பகுதி கால்சியம் கார்பனேட் தூளாகிக் காகிதத்துக்கும் பற்பசைக்கும் போகிறது. ஹாம்பாக்குக்கு அருகிலேயே கார்ஸ்வைலர் என்று இன்னொரு சுரங்கம். அதற்கு வழிவிட இம்மெராட் என்ற ஊர் காலி செய்யப்பட்டு, 2018 ஜனவரியில் அந்த ஊரின் தேவாலயம் இடிக்கப்பட்டது. இதையெல்லாம் வரிசையாகச் சொல்லிக்கொண்டே போகலாம், ஆனால் படத்தின் பலம் வரிசையில் இல்லை. இரண்டு இடங்களை மட்டும் கொஞ்சம் நெருங்கிப் பார்க்கலாம்.

ஒன்று, ரஷ்யாவின் யூரல் பகுதியில் பெரெஸ்னிகி. பொட்டாஷ் சுரங்கம். தரைக்கு வெகு கீழே சுவர்கள் எல்லாம் சிவப்பும் வெள்ளையும் காவியுமாக வரி வரியாக அலை அலையாக இருக்கும், அதன் மேல் நத்தை ஓடு போன்ற பெரிய பெரிய சுழிகள். பார்த்தவுடன் ஏதோ பழங்காலக் குகை ஓவியம் என்றுதான் தோன்றும். அந்த வரிகள் பல கோடி ஆண்டுகளுக்கு முன் வற்றிப்போன கடலின் உப்புப் படிவுகள். சுழிகள் தோண்டும் எந்திரத்தின் பல் பட்ட தடம். அங்கிருந்து போவது பயிருக்குப் போடும் பொட்டாசிய உரம். 2006-இல் அங்கே ஒரு சுரங்கத்துக்குள் தண்ணீர் புகுந்து உப்பைக் கரைத்தது. அடுத்த ஆண்டு மேலே தரை உள்வாங்கி மாபெரும் பள்ளம் விழுந்தது, நகரத்துக்கு அடியில் இருந்ததெல்லாம் வெற்றிடம். இதைத் தெரிந்துகொண்டு அந்தச் சுழிகளைப் பார்த்தால், அவை இன்னும் அழகாகத்தான் இருக்கின்றன, அதுதான் கலங்க வைக்கிறது.

இன்னொன்று, சிலியின் அடகாமா பாலைவனத்து லித்தியம் குளங்கள். உப்புப் படுகைக்கு அடியிலிருந்து உப்புநீரை உறிஞ்சி, வரிசையாக வெட்டிய குளங்களில் விடுகிறார்கள். வெயில் மட்டும்தான் அடுப்பு. ஓராண்டு, ஒன்றரை ஆண்டு வரை நீர் ஆவியாகிக்கொண்டே இருக்கும், ஒவ்வொரு கட்டத்திலும் ஒவ்வொரு உப்பு படியும், மிச்சமுள்ள நீரில் லித்தியம் அடர்ந்துகொண்டே போகும். அடர அடர நிறம் மாறும், நீலம், பச்சை, கடைசியில் எண்ணெய் போன்ற மஞ்சள். மேலிருந்து பார்த்தால் யாரோ சாயப்பெட்டியைத் திறந்து வைத்தது போல இருக்கும். உலகின் மிக வறண்ட பாலைவனங்களில் ஒன்றில், நிலத்தடியில் இருந்த நீரைக் காற்றில் விட்டுத்தான் இது கிடைக்கிறது. இதில் கிடைப்பது பேட்டரிக்குப் போகிறது: மின்சாரக் கார், கைபேசி, அந்தப் படத்தை எடுத்த டிஜிட்டல் கேமரா, ட்ரோன் எல்லாவற்றுக்கும். நிலக்கரியை விட்டு விலக நமக்கு இந்தக் குளங்கள் வேண்டும் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் விலை இல்லாமல் எந்த மாற்றும் வராது என்பதைக் கண்ணால் பார்ப்பது வேறு விஷயம்.

நேரத்தைக் கையாள இன்னொரு வழியும் இருக்கிறது, பைச்வாலுக்கு நேர் எதிரானது. அவர் நேரத்தை நீட்டுகிறார் என்றால் அமெரிக்க இயக்குநர் ஜெஃப் ஓர்லோவ்ஸ்கி அதைச் சுருக்குகிறார். 'சேசிங் ஐஸ்' (2012) படத்தில் புகைப்படக்காரர் ஜேம்ஸ் பேலாக் 2007 முதல் கிரீன்லாந்து, ஐஸ்லாந்து, அலாஸ்கா என்று பனியாறுகளுக்கு எதிரே தானியங்கி கேமராக்களை நட்டு வைக்கிறார். ஆண்டுக்கணக்கில் எடுத்த படங்களை டைம்லாப்ஸாக ஓட்டினால் பனியாறு பின்வாங்குவது சில நொடியில் தெரிகிறது. பருவநிலை மாற்றம் என்பது கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் நடப்பது, ஒரு நாள் போய் நின்று பார்த்தால் எதுவும் தெரியாது, ஆகவே இந்த உத்தி இல்லாமல் அதைக் காட்டவே முடியாது. ஆனால் அந்தப் படத்தில் பலரும் மறக்காத காட்சி டைம்லாப்ஸ் இல்லை. 2008 மே மாதம் கிரீன்லாந்தின் இலுலிசாட் பனியாறு முகப்பில் 75 நிமிடம் நீடித்த உடைவை, காத்திருந்து நேரடியாக எடுத்தார்கள். மலைகள் புரண்டு எழுவது போல இருக்கும். அதன் அளவே புரியவில்லை என்பதால், பனி உடைந்த பகுதியின் மேல் மன்ஹாட்டன் கட்டடங்களை வரைந்து காட்ட வேண்டியிருந்தது. மறுபடி அதே பிரச்சினைதான், அளவு.

ஓர்லோவ்ஸ்கியின் அடுத்த படம் 'சேசிங் கோரல்' (2017). கடல் சூடேறிப் பவளப்பாறை வெளிறுவதை எடுக்கக் கடலடியில் தானியங்கி கேமராக்களை வைத்தார்கள், ஃபோகஸ் சரியாக அமையாமல் முக்கியமான படங்கள் வீணாயின. கடைசியில் ஆஸ்திரேலியாவின் கிரேட் பேரியர் ரீஃபில் ஆட்களே தினமும் மூழ்கி, அதே இடத்தில் அதே கோணத்தில் கையாலேயே எடுத்தார்கள். நாள்தோறும் ஒரே பவளத்தைப் பார்க்கப் போகிறவர், அது சாவதைக் கண்முன்னே பார்க்கிறார். எந்திரம் எடுத்திருந்தால் படம் இன்னும் சீராக வந்திருக்கும், ஆனால் அந்த ஆட்களின் முகத்தில் தெரியும் துக்கம் வந்திருக்காது. 2016-இல் நடந்த அந்த வெளிறலுக்குப் பிறகு அதே பவளத்திட்டு 2017, 2020, 2022, 2024 என்று மறுபடி மறுபடி பெருமளவில் வெளிறியது. இரண்டு வெளிறலுக்கு நடுவே தேறிக்கொள்ள அதற்கு அவகாசமே கிடைக்கவில்லை.

சரி, பைச்வாலின் படங்களின் மேல் சொல்லப்படும் பெரிய குறைக்கு வருவோம். யார் பொறுப்பு என்று அவை சொல்வதில்லை. எந்த நிறுவனம், எந்த அரசு, எந்த ஒப்பந்தம், யாருக்கு லாபம் என்ற பேச்சு மிகக் குறைவு. மனிதகுலம் பூமியை மாற்றிவிட்டது என்று பொதுவாகச் சொன்னால், நைரோபியின் டண்டோரா குப்பைமேட்டில் பிளாஸ்டிக் பொறுக்குகிறவரும் அந்தப் பிளாஸ்டிக்கைத் தயாரித்தவரும் ஒரே மனிதகுலம் ஆகிவிடுவார்கள். இந்தக் குறையை நான் ஏற்கிறேன். 'மேனுஃபேக்சர்டு லேண்ட்ஸ்கேப்ஸ்' எடுத்த காலத்தில் இது அவ்வளவாக உறுத்தவில்லை, ஏனென்றால் அங்கே ஆட்கள் நிறைய பேசினார்கள். ஷாங்காயில் விலையுயர்ந்த வீட்டைப் பெருமையோடு சுற்றிக்காட்டும் வீட்டுத் தரகரும், சுற்றிலும் எல்லாம் இடிபட்ட பிறகும் தன் வீட்டை விட்டுப் போகாத பெண்ணும் ஒரே படத்தில் இருந்தார்கள். யாங்சி நதியில் மூன்று பள்ளத்தாக்கு அணைக்காகக் கிட்டத்தட்ட 13 லட்சம் பேர் இடம் பெயர்க்கப்பட்டபோது, மூழ்கப்போகும் ஊர்களைக் கப்பல் போக்குவரத்துக்குத் தடையில்லாமல் தரைமட்டமாக்க அந்த ஊர்க்காரர்களையே கூலிக்கு அமர்த்திச் செங்கல் செங்கலாக உடைக்க வைத்தார்கள். அதைப் பார்த்த பிறகு யார் பொறுப்பு என்று தனியாகச் சொல்லத் தேவை இருக்கவில்லை. 2018 படத்தில் இடங்கள் அதிகம், ஒவ்வொரு இடத்திலும் நிற்கும் நேரம் குறைவு. எந்த முறையை அவரே கண்டுபிடித்தாரோ, அந்த முறைக்குப் படத்தின் பரப்பே எதிரியாகிவிட்டது என்று எனக்குத் தோன்றுகிறது.

ஆனால் இதே படங்களுக்கு இன்னொரு பயன் வந்திருக்கிறது, எடுத்தபோது யாரும் முழுசாக நினைத்திருக்க முடியாது. அவை இப்போது சாட்சிப் பதிவு ஆகிவிட்டன. 'வாட்டர்மார்க்' காட்டும் டாக்கா ஹசாரிபாக்கின் தோல் பதனிடும் ஆலைகள் இன்று அங்கே இல்லை. குரோமியம் கலந்த கழிவு புரிகங்கா ஆற்றில் கலப்பதைத் தடுக்க நீதிமன்ற உத்தரவுப்படி 2017 ஏப்ரலில் மின்சாரமும் தண்ணீரும் துண்டிக்கப்பட்டு, ஆலைகள் சவாருக்கு மாற்றப்பட்டன. அங்கே பொதுச் சுத்திகரிப்பு நிலையம் சரியாக வேலை செய்யாமல் இப்போது தலேஸ்வரி ஆறு கெடுகிறது. வறண்டு கிடந்த கொலராடோ கழிமுகத்துக்கு 2014 மார்ச் முதல் மே வரை அமெரிக்காவும் மெக்சிகோவும் பேசி முடிவு செய்து தண்ணீர் திறந்துவிட்டார்கள். ஆறு கொஞ்ச நாள் மறுபடி கடலைத் தொட்டது, கரையில் மரங்கள் துளிர்த்தன. வங்கதேசத்தின் சிட்டகாங் கரையில் அலையேற்றத்தில் முழுக் கப்பலையும் மணலில் ஏற்றி, வெறுங்காலோடு எண்ணெய்ச் சேற்றில் நின்று ஆட்கள் உடைப்பதை 'மேனுஃபேக்சர்டு லேண்ட்ஸ்கேப்ஸ்' காட்டியது. கப்பல் உடைப்பை ஒழுங்குபடுத்த 2009-இல் ஹாங்காங்கில் ஏற்ற சர்வதேச உடன்படிக்கை நடைமுறைக்கு வந்தது 2025 ஜூன் மாதத்தில். பதினாறு ஆண்டு ஆயிற்று. ரஷ்யாவின் நோரில்ஸ்கில், ஆர்க்டிக் வட்டத்துக்கு மேலே வெளியாட்கள் எளிதில் நுழைய முடியாத அந்த நிக்கல் நகரத்தில், 2018 படம் உலோகத் தொழிலாளர் திருவிழாவைக் காட்டியது. இரண்டு ஆண்டு கழித்து, 2020 மே மாதம், அங்கே ஒரு எரிபொருள் தொட்டி உடைந்து சுமார் 21,000 டன் டீசல் நிலத்திலும் ஆறுகளிலும் கலந்தது. இடம் மாறுகிறது, சில இடம் தேறுகிறது, சில இடம் இன்னும் மோசமாகிறது. ஒரு முறை எடுத்துவிட்டால் தீர்ந்துவிடும் விஷயம் இல்லை என்பதற்காகவே, இந்த இடங்களுக்கு யாராவது மறுபடி கேமராவோடு போக வேண்டும் என்று விரும்புகிறேன்.

இதையெல்லாம் தாண்டி இந்த முறையால் எட்ட முடியாத ஒரு பகுதி இருக்கிறது. பார்க்கப் பெரியதாக இருக்கும் அழிவைத்தான் பெரிய ஷாட்டில் காட்டலாம். பார்க்க ஒன்றுமே இல்லாத அழிவை என்ன செய்வது? களைக்கொல்லி தெளித்த வயல் வெளியிலிருந்து பார்த்தால் வெறும் வயல்தான், சொல்லப்போனால் களையில்லாமல் இன்னும் நேர்த்தியாக இருக்கும். ட்ரோனில் பறந்து எடுத்தாலும் அங்கே ஒரு குழி, ஒரு நிறம், ஒரு தழும்பு கிடைக்காது.

2022-இல் வந்த 'இன்டு தி வீட்ஸ்' படத்தில் பைச்வால் அங்கேதான் போனார். கலிஃபோர்னியாவில் பள்ளி வளாகங்களைப் பராமரிக்கும் வேலை பார்த்த டுவெய்ன் ஜான்சன் என்பவர், கிளைஃபோசேட் கலந்த களைக்கொல்லியைத் தெளித்ததால்தான் தனக்கு நிணநீர்ப் புற்றுநோய் வந்தது என்று அதைத் தயாரித்த மான்சான்டோ நிறுவனத்தின் மேல் வழக்குப் போட்டார். 2018 ஆகஸ்டில் நடுவர் குழு அவருக்கு 28.9 கோடி டாலர் இழப்பீடு தீர்ப்பளித்தது, மேல்முறையீடுகளில் அது 2.05 கோடியாகக் குறைந்தது. அறிவியல் பக்கம் இன்னும் சர்ச்சைதான். உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் 2015-இல் கிளைஃபோசேட்டை அநேகமாகப் புற்றுநோய் உண்டாக்கக்கூடும் என்ற வகையில் வைத்தது, அமெரிக்கச் சுற்றுச்சூழல் முகமை அதை ஏற்கவில்லை, நிறுவனமும் மறுக்கிறது.

இந்தப் படத்தின் மையத்தில் பிரம்மாண்டமான குழி எதுவும் கிடையாது. ஒரு நீதிமன்றம், நிறுவனத்தின் உள் ஆவணங்கள், வல்லுநர்களின் சாட்சியம், நோயோடு வாழும் ஒரு மனிதரின் தோல். நிலத்தில் தெரியாத சேதம் உடம்பில் தெரிகிறது, ஆகவே கேமரா வானத்திலிருந்து இறங்கி அங்கே வந்து நிற்கிறது. முந்தைய படங்களில் இல்லாத ஒன்று இதில் இருக்கிறது: யார் என்ன தெரிந்து வைத்திருந்தார்கள், எப்போது தெரியும், ஏன் சொல்லவில்லை என்ற கேள்விகளை ஒரு வழக்கறிஞர் பெயர் சொல்லிக் கேட்கிறார், சாட்சிக் கூண்டில் இருப்பவர் பதில் சொல்லியே ஆக வேண்டியிருக்கிறது.